காலம் கனல் தருமா?

இரும்புக் கதவு. கதவிலே, உணவுத் தட்டைத் தள்ளுவதற்கென ஒரு சிறு திறப்பு. உள்ளே ஓர் அறிஞர்; முப்பதை ஒட்டிய வயது. கைக்கெட்டும் தொலைவிலே கருவி ஏதுமில்லை. கண்ணுக்கெட்டும் தொலைவிலே வானமுமில்லை. ஆயினும் அவர் கருத்தெல்லாம் விண்மீன்கள்! கோடானுகோடி ஆண்டுகளாக எரிகின்றனவே இவை, எதைக்கொண்டு எரிகின்றன? இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு அந்த இருட்டறையிலே ஆண்டுக்கணக்கில் சிந்தித்தார். ஒரு கட்டத்தில் கணக்கு நின்றுவிட்டது. மேலே செல்ல எண்கள் வேண்டும். எண்கள் நூலிலே உள்ளன. நூல் வெளியே இருக்கிறது. அவரோ உள்ளே இருக்கிறார்.

என்செய்வார்! இறைவனை வேண்டினாராம். சற்றைக்கெல்லாம் சிறைக்காவலர் நூல் மாற்ற வந்தார். திறப்பின் வழியே வந்து விழுந்தது வானியல் பாடநூல் ஒன்று! தேவைப்பட்ட எண்களெல்லாம் அதிலே இருந்தன. ஆவலோடு படித்து மனத்திலே பதித்துக்கொண்டார். இரண்டொரு நாளில் சிறை அதிகாரி வந்தார்; நூலைப் பார்த்தார்; “நீர் வானியல் அறிஞரன்றோ?” என்று கேட்டார், நூலைப் பறித்துக்கொண்டு போனார். சோல்சனிட்சின் தமது ‘குலாக் தீவுக்கூட்டம்’ நூலிலே எழுதியுள்ள நிகழ்ச்சி இது. பக்தர்கள் முதற்பாதியை மட்டும் சொல்லி மெய்சிலிர்ப்பர். நாமோ கேட்போம்: நூலை அனுப்பியவன் இறைவனென்றால், அதைப் பறித்துச்செல்ல அதிகாரியை அனுப்பியவன் எவன்?

அது கிடக்கட்டும். அந்த அறிஞர் யார் என்பதும், அந்த இருட்டிலே அவர் கண்ட முடிவு யாது என்பதும், அம்முடிவை நாம் எப்படி மதிப்பது என்பதுமே இங்கே நாம் பேச எடுத்துக்கொண்டவை. ஏனெனில், தோழர்களே, பகுத்தறிவாளர் என்று நம்மை நாமே அழைத்துக்கொள்ளும் நமக்கு இது எளிதான கணக்கன்று.

அவர் பெயர் நிகோலாய் கோசிரேவ். 1908-இல் பிறந்த ரஷ்யர். லெனின்கிராடுக்கு அருகேயுள்ள புல்கோவோ வானாராய்ச்சிக்கூடத்தில் 1931-இல் பணியேற்றவர். 1934-இலே, விரிந்த காற்றுமண்டலம் கொண்ட விண்மீன்களின் ஒளிவீச்சு பற்றி இங்கிலாந்தின் அரசு வானியற் கழக இதழில் ஒரு கட்டுரை எழுதினார். அதே ஆண்டில், அதே இதழில், அதே பொருள் பற்றிக் கட்டுரை எழுதிய மற்றோர் இளைஞர் யார் தெரியுமா? சென்னை மாநிலக் கல்லூரியிலே பயின்று கேம்பிரிட்ஜ் சென்ற தமிழர், சுப்பிரமணியன் சந்திரசேகர்! இருவர் பெயரையும் இணைத்தே அக்கோட்பாட்டை வானியலார் வழங்குகின்றனர். இரண்டாண்டு மூத்தவர் கோசிரேவ். இருவர் முன்னும் ஒரே வானம், ஒரே வாய்ப்பு என்றுதான் அன்று தோன்றியிருக்கும்.

1936 நவம்பரில் கோசிரேவைக் கைது செய்தனர். ஸ்டாலின் ஆட்சியின் களையெடுப்புக் காலம் அது. புல்கோவோ வானாராய்ச்சிக்கூடமே வேட்டையாடப்பட்டது. அதன் தலைவர் கெராசிமோவிச் 1937-இல் சுட்டுக்கொல்லப்பட்டார். கோசிரேவுக்குப் பத்தாண்டுச் சிறை. பின்னர் வடதுருவத்தை அடுத்த நோரில்ஸ்க் பகுதியின் உறைபனிக்கு அனுப்பினர். அங்கேயே 1942-இல் மீண்டும் வழக்கு, மீண்டும் பத்தாண்டுத் தண்டனை. குற்றச்சாட்டுகளிலே ஒன்று, அண்டம் விரிவடைகிறது என்ற கொள்கையை ஆதரித்தது. மற்றொன்று, யெசெனின் நல்ல கவிஞர் என்று கருதியது! நகைக்கத் தோன்றும், நகைக்கலாகாது. கவிதையை விரும்பியதற்காகவும், வானத்தை வாசித்ததற்காகவும் மனிதனைப் பனியிலே புதைக்கத் துணிந்த ஆட்சி, எந்தக் கொடியை ஏந்தியிருந்தாலும் மூடநம்பிக்கையின் ஆட்சிதான்.

சக வானியலாளர்களின் இடைவிடாத முயற்சியால் 1946 இறுதியில் விடுதலையானார். வெளிவந்த மூன்றே திங்களில், 1947 மார்ச்சில், விண்மீன்களின் ஆற்றலுக்கு மூலம் எது என்ற பொருளிலே முனைவர் பட்ட ஆய்வை முன்வைத்து வாதிட்டார். சிறை அவர் உடலைத் தின்றது. கேள்வியைத் தின்ன முடியவில்லை.

அந்தக் கேள்விக்கு அவர் கண்ட விடை வியப்புக்குரியது. கோடானுகோடி ஆண்டு ஒளிவீசும் பொருளுக்கு விறகு எங்கிருந்து வரும் என்று பத்தொன்பதாம் நூற்றாண்டு முதலே அறிஞர்கள் திகைத்திருந்தனர். நிலக்கரியென்றால் சில ஆயிரம் ஆண்டிலே சாம்பல். தன் எடையாலே தான் சுருங்கிச் சூடேறுகிறது என்றால் இரண்டு மூன்று கோடி ஆண்டு தாங்கும். பூமியின் வயதோ 450 கோடி ஆண்டு. கோசிரேவ் தம் கணக்கின்படி, விண்மீனின் உட்பகுதிச் சூடு அணுக்கள் இணைந்து எரியப் போதாது என்று முடிவுகட்டினார். பின் எது எரிகிறது? எதுவுமே எரியவில்லை என்றார் அவர்! விண்மீன் உலையன்று, பொறி. காலத்தின் ஓட்டத்தையே பிடித்து வெம்மையாக மாற்றித்தரும் பொறி. ஆற்றின் ஓட்டம் ஆலையின் சக்கரத்தைச் சுழற்றுவதுபோலக் காலத்தின் ஓட்டம் விண்மீனைச் சுடர்விடச் செய்கிறது. காலம் வெறும் கணக்கன்று. அது ஒரு விசை. அது கனல் தரும். 1958-இல் இதனை நூலாகவே வெளியிட்டார்.

எத்துணை அழகிய கருத்து! அதற்குப் பின்னே ஓர் உண்மையான கேள்வியும் இருந்தது. நியூட்டன் வகுத்த இயக்க விதிகளை முன்னோக்கி ஓட்டினாலும் பின்னோக்கி ஓட்டினாலும் சமன்பாடு ஒன்றேதான். ஆனால் உடைந்த பானை ஒட்டிக்கொண்டு எழுவதில்லை. காரணத்துக்கு முன்னே விளைவு வருவதில்லை. காலத்துக்கு ஒரு திசை உண்டென்பது சிறுபிள்ளைக்கும் தெரிகிறது, சமன்பாட்டுக்குத் தெரியவில்லையே, ஏன்? இன்றும் அறிஞர்கள் வாதிடும் கேள்வி அது. கோசிரேவ் மூடரல்லர். நல்ல கேள்வி கேட்டவர்.

கேட்டதோடு நின்றாரா? இல்லை, தராசை எடுத்தார். இதனை நாம் சற்று நின்று பார்க்கவேண்டும். காலம் ஒரு விசையென்றால், வேகமாகச் சுழலும் பம்பரத்தின் எடையிலே, சுழலும் திசைக்கேற்ப, நுண்ணிய மாறுதல் காணப்படவேண்டும் என்று அவர் எதிர்பார்த்தார். கைரோஸ்கோப் எனப்படும் சுழற்பம்பரங்களைத் தராசிலே தொங்கவிட்டு, அதிரச்செய்து, எடை பார்த்தார். நீரிலே சருக்கரை கரைவது போன்ற மாற்றங்கள் அருகே நிகழும்போது மெல்லிய இழையில் தொங்கும் தராசுமுள் திரும்புகிறதா என்று இரவும் பகலும் கண்காணித்தார். மாறுதல் தெரிகிறது என்றே எழுதினார். மிக மிகச் சிறிய மாறுதல். சில நாள் தெரியும், சில நாள் தெரியாது. பருவத்துக்கேற்ப மாறும் என்றும் சொன்னார்.

இங்கேதான் சிக்கல். தெரிந்தால் கோட்பாட்டுக்கு வெற்றி. தெரியாவிட்டால் பருவம் சரியில்லை! சோதிடன் வீட்டுத் திண்ணையிலே நாம் கேட்ட சொல்லன்றோ இது? பலித்தால் சாத்திரம் மெய். பலிக்காவிட்டால் பிறந்த நேரம் தவறாகக் குறிக்கப்பட்டது. கோசிரேவ் ஏமாற்றுக்காரரல்லர், அதில் நமக்கு ஐயமில்லை. ஆனால் ஏமாற்ற எண்ணாதவனும் ஏமாறலாம். பிறரை ஏய்க்காத நேர்மையாளனைத்தான் அவன் ஆசை முதலில் ஏய்க்கிறது.

1959-இல் ஒரு விந்தை நிகழ்ந்தது. அதை நம்மைப்போன்ற இலக்கிய இதழ்க்காரர்கள் நெஞ்சிலே கைவைத்துப் படிக்கவேண்டும். கோசிரேவின் புகழை ஊரெங்கும் பரப்பியது ஓர் அறிவியல் இதழன்று. ‘லித்தரத்தூர்ணயா கெஜெத்தா’ என்ற இலக்கிய ஏடு! எழுத்தாளர் மரியெத்தா ஷாகினியான் அவர் கோட்பாட்டைப் பாராட்டி அதிலே எழுதினார். சொல்வளம் மிக்க எழுத்து எதையும் மெய்யாக்கிக் காட்டும். அது அதன் வலிமை, அதுவே அதன் ஆபத்து. அதே நவம்பரில், ‘பிராவ்தா’ ஏட்டில் மூன்று இயற்பியலறிஞர்கள் மறுப்பு வெளியிட்டனர்: அர்த்சிமோவிச், கபீட்சா, தாம். அடுத்த ஆண்டு, 1960-இல், அறிவியற் கழகம் அமைத்த குழு ஆராய்ந்தது. கோட்பாடு தெளிவான அடிப்படையின்மேல் நிற்கவில்லை, சோதனை முடிவுகள் நம்பத்தக்கனவாக இல்லை என்று அறிவித்தது.

“அரசின் ஏடு, அரசின் கழகம், சிறைப்பட்டவரை மீண்டும் நசுக்கினர்” என்று சொல்லத் தோன்றுகிறதா? நமக்கும் முதலில் அப்படித்தான் தோன்றும். ஆனால் அந்த மூவரிலே கபீட்சா யார்? 1938-இல் இயற்பியலறிஞர் லந்தாவு சிறைப்பட்டபோது, ஸ்டாலினுக்கே கடிதம் எழுதி அவரை மீட்கப் போராடியவர். பின்னாளில் அணுகுண்டு வேலையில் பெரியாவின் கீழ் உழைக்க மறுத்து, தாமே நிறுவிய ஆய்வுக்கூடத்திலிருந்து 1946-இல் நீக்கப்பட்டவர். அவர் அதிகாரத்தின் கைத்தடியல்லர். துணிவுள்ள ஒருவர் துன்புற்ற ஒருவரைப் பார்த்து, “உமது தராசு சரியில்லை” என்று சொல்ல நேர்ந்தது. இதிலே வில்லன் எவருமில்லை, தோழர்களே. நாடகத்துக்கு உதவாத காட்சி; ஆனால் உலகத்தில் இதுதான் மிகுதி.

நம் மேடைகளிலே நாம் எத்தனை முறை முழங்கியிருக்கிறோம்! சாக்ரடீசுக்கு நஞ்சு தந்தனர், ஆகவே அவர் சொன்னது உண்மை. புரூனோவை எரித்தனர், ஆகவே அவர் சொன்னது உண்மை. கலிலியோவை வீட்டுச்சிறையில் வைத்தனர், ஆகவே பூமி சுழல்கிறது. கைதட்டல் எழும். அந்த ‘ஆகவே’ சரிதானா என்று நாம் நின்று பார்த்ததுண்டா? கலிலியோவை அரண்மனையிலே வைத்துப் பாலும் பழமும் ஊட்டியிருந்தாலும் பூமி சுழன்றுகொண்டுதான் இருந்திருக்கும். பூமி சூரியனைச் சுற்றுவது சரியே. ஆனால் அதற்குச் சான்றாகக் கடலின் ஏற்றவற்றத்தைக் காட்டினாரே கலிலியோ, அந்தச் சான்று தவறு. ஏற்றவற்றத்துக்குக் காரணம் சந்திரனும் சூரியனும் ஈர்ப்பது. சிறை இரண்டுக்கும் ஒன்றுதான். அது சரியானதைத் தவறாக்கவில்லை, தவறானதைச் சரியாக்கவுமில்லை. துன்பம், துன்புறுத்தியவன் குற்றவாளி என்பதற்குச் சான்று. துன்புற்றவன் சொன்னதெல்லாம் மெய்யென்பதற்கு அது எப்படிச் சான்றாகும்?

இதற்கு மாற்றாக மற்றொருவரைப் பார்ப்போம். ஜெர்மானியப் பெண்மணி, எம்மி நோதர். 1882-இல் பிறந்தவர், ஈடிணையற்ற கணித மேதை. 1915-இல் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்துக்கு ஹில்பர்ட்டும் கிளைனும் அவரை அழைத்தபோது, பெண்ணுக்குப் பாடம் நடத்தும் உரிமையா என்று பேராசிரியர் கூட்டம் பொருமியது. பல ஆண்டுகள் ஹில்பர்ட்டின் பெயரால் வகுப்பு அறிவிக்கப்படும். பாடம் நடத்துபவர் நோதர்! மனு எழுதியதைக் கண்டு மனங்கொதிக்கும் நாம், மேல்நாட்டிலும் மனுவின் மைத்துனர்கள் பலர் இருந்தனர் என்பதை மறக்கவேண்டா. 1919-இல்தான் உரிமை கிடைத்தது. 1933-இல் இட்லரின் ஆட்சி, அவர் யூதர் என்பதற்காக அதையும் பறித்தது. அமெரிக்கா சென்றார், 1935-இல் 53-ஆம் வயதில் மறைந்தார்.

அந்த நோதர் 1918-இல் வெளியிட்ட ஒரு தேற்றம், கோசிரேவின் கேள்விக்கு முன்கூட்டியே விடைசொல்லி வைத்திருந்தது. இயற்கையின் விதிகள் நேற்றும் இன்றும் நாளையும் மாறாமல் ஒன்றாகவே இருக்குமானால், ஆற்றல் புதிதாகத் தோன்றவும் முடியாது, இருப்பது அழியவும் முடியாது. ஆற்றல் அழியாமைக்கு அடிப்படையே காலத்தின் சமன்மைதான். எந்தக் கணமும் மற்றக் கணத்துக்கு மேலுமன்று கீழுமன்று என்பதன் மறுபெயர் ஆற்றல் அழியாமை. (விரிவடையும் அண்டம் முழுமைக்கும் கணக்குப் பார்க்கும்போது வேறு நுட்பங்கள் வரும்; ஒரு தராசுக்கும் ஒரு விண்மீனுக்கும் இது போதும்.) காலத்தின் ஓட்டத்திலிருந்து ஆற்றல் ஊறுகிறது என்று ஒருவர் சொன்னால், கணங்களுக்கிடையே வேற்றுமை உண்டென்று அவர் மெய்ப்பிக்கவேண்டும். கோசிரேவால் முடியவில்லை.

இந்த இடத்திலே நம் ஊர்ப் பஞ்சாங்கம் தானாகவே வந்து நிற்கிறது. நாம் இழுத்துவரவில்லை, அதுவும் இதே கொள்கையைத்தான் பேசுகிறது! திங்கட்கிழமை காலை ஏழரை மணி முதல் ஒன்பது வரை இராகு காலம். அப்போது தொடங்கிய செயல் கெடும். ஏன் கெடும்? அந்த ஒன்றரை மணி நேரத்திலே ஏதோ ஒரு தீய விசை உறைகிறதாம். ஒன்பது அடித்ததும் அது ஓய்வெடுக்கப் போய்விடுமாம். இராகு என்றொரு கோளே வானத்தில் இல்லை; சந்திரனின் பாதை சூரியன் செல்வதாகத் தோன்றும் பாதையை வெட்டும் புள்ளிக்கு இட்ட பெயர் அது. புள்ளிக்குப் பசியாம், பல்லாம், பகையாம்!

சரி, மெய்யென்றே வைத்துக்கொள்வோம். இராகு காலத்திலே இயற்கை விதி சிறிது மாறுகிறது, ஈர்ப்பு விசை ஓர் இம்மி குறைகிறது என்று கொள்வோம். கொண்டால் என்ன ஆகும்? ஏழரை மணிக்கு மேல், ஈர்ப்புக் குறைந்த வேளையில், குறைந்த உழைப்பிலே நீரை மேட்டுக்கு ஏற்றிவிடலாம். ஒன்பது மணிக்கு நல்ல நேரம் பிறந்ததும் அதே நீரைக் கீழே விட்டு, ஏற்றுவதற்குச் செலவானதைவிட மிகுதியான மின்சாரத்தை எடுத்துக்கொள்ளலாம். மறுநாளும் அப்படியே. நெய்வேலியில் நிலக்கரி தோண்டவேண்டா, மேட்டூரிலே மழையை எதிர்பார்க்கவேண்டா. இராகுவே நமக்கு மின்வாரியம்! இத்தனை நூற்றாண்டுகளாக இராகு காலத்தைக் கணித்துவந்தோர், ஒரு விளக்கையாவது அதனாலே எரித்தனரா? எரித்ததெல்லாம் வேறு. செவ்வாய் தோஷம் என்று சொல்லி எத்தனை பெண்களின் இளமையை எரித்தனர்! மூலத்திலே பிறந்தவள் என்று சொல்லி எத்தனை வீட்டு வாசலைச் சாத்தினர்! இன்றும், நல்ல நேரம் பார்த்து அறுவை செய்து பிள்ளையை எடுக்கச்சொல்லி மருத்துவரிடம் மன்றாடும் பெற்றோர் இருக்கின்றனர். வானத்துக் கணக்கு என்பர். கத்தி விழுவதோ தாயின் வயிற்றிலே.

பிறந்த குலத்தால் ஒருவன் உயர்ந்தவன், மற்றொருவன் தாழ்ந்தவன் என்ற எண்ணமும், பிறந்த நேரத்தால் ஒருத்தி வாழத்தக்கவள், மற்றொருத்தி தள்ளத்தக்கவள் என்ற எண்ணமும் ஒரே கருவறையில் உதித்தவை. கணங்களிலே சாதி கற்பித்தவன் மனிதரிலும் கற்பித்தான். இதை நன்குணர்ந்தே சுயமரியாதை இயக்கத்தார் இராகு காலத்திலேயே மணவிழாக்களை நடத்திக்காட்டினர். அத்தகைய மணங்களுக்குச் சட்டத்தின் ஒப்புதல் 1967-இல், அண்ணா முதலமைச்சரானபின் கிடைத்தது. இராகு காலத்திலே தாலியின்றி மாலை மாற்றிக்கொண்டோர் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் பெற்று வாழ்ந்த வீடுகள் நம் ஊர்களிலே ஏராளம். அவை நடந்து முடிந்த சோதனைகள். தராசிலே நிறுத்த முடிவு, எடை மாறவில்லை.

ஆயினும் கோசிரேவையும் பஞ்சாங்கக்காரரையும் ஒரே வண்டியிலே ஏற்ற நமக்கு மனம் வரவில்லை. ஏற்றவும் கூடாது. பஞ்சாங்கக்காரர் தம் கொள்கையை எந்தத் தராசிலும் வைத்ததில்லை. கோசிரேவ் வைத்தார். எத்தகைய பம்பரம், எப்படித் தொங்கவிடுவது, எத்திசையிலே சுழற்றுவது என்றெல்லாம் எழுதி, வேண்டுவோர் செய்துபாருங்கள் என்று உலகின் முன் நீட்டினார். தம்மை வீழ்த்தும் வாளைத் தாமே தீட்டி எதிரியின் கையிலே கொடுத்தவர் அவர். தவறினார்; ஆனால் தவறென்று காட்டக்கூடிய முறையிலே தவறினார். இந்த வேறுபாட்டைக் காணாதவன் பகுத்தறிவாளனென்று சொல்லிக்கொண்டாலும், ஒரு மந்திரத்தை விட்டு மற்றொரு மந்திரத்தைப் பிடித்தவனே. 1989-இல் சப்பானிய ஆய்வாளர் இருவர், சுழலும் பம்பரம் எடை குறைவதாக மீண்டும் அறிவித்தபோது, ஓராண்டுக்குள்ளேயே பிற ஆய்வுக்கூடங்கள் அச்சோதனையை இன்னும் நுட்பமாகச் செய்துபார்த்து, குறையவில்லையென்று காட்டின. திட்டவில்லை, தீயிலிடவில்லை, சிறையிலிடவில்லை, எடைபோட்டன, அவ்வளவே.

இதற்கு நேர்மாறு, அவர் மறைவுக்குப் பின் நடந்தது. 1990-களிலே நோவோசிபிர்ஸ்கில் சிலர், அலுமினியத் தகடுகளை வளைத்துச் சுருளாக்கி, உள்ளே மனிதரை அமரவைத்து, அவர்களது எண்ணம் தொலைதூரத்துக்குப் பாய்கிறது என்றனர். அந்தக் கருவிக்கு இட்ட பெயர், ‘கோசிரேவ் கண்ணாடி’! கோசிரேவ் அதைச் செய்தவருமல்லர். ஆனால் சிறை சென்ற மேதையின் பெயரென்றால் கடைச்சரக்கு விலைபோகுமே! துன்பம் உண்மைக்கு முத்திரை என்று நாம் ஒருமுறை ஒப்புக்கொண்டால், முத்திரையைத் திருடுவோர் வரிசையிலே வந்து நிற்பர்.

நம் இயக்கத்தைப் பற்றி இங்கே ஒரு சொல் சொல்லாவிட்டால் நாம் நேர்மையற்றோராவோம். நாமும் சிறையிலே வளர்ந்தவர்கள். இந்தித் திணிப்பை எதிர்த்த போரிலே, 1939-இல், நடராசனும் தாளமுத்துவும் சிறைப்பட்ட நிலையில் உயிர் நீத்தனர். அவர்கள் பெயரைச் சொன்னாலே நம் கண் கசியும், கசியட்டும். ஆனால் திணிப்புத் தவறு என்பது அவர்கள் மாண்டதனால் உண்டான உண்மையன்று. ஒருவன் தாய்மொழியை ஒதுக்கி மற்றொரு மொழியைக் கட்டாயமாக்குவது அநீதி என்பதனாலே அது முன்பே தவறு; அவர்கள் ஒருநாளும் சிறை செல்லாதிருந்தாலும் தவறு. இந்த வேறுபாட்டை மறந்த நாளிலே என்ன நேர்ந்தது? “எத்தனை முறை சிறை சென்றவர் தெரியுமா, அவரையா கேள்வி கேட்கிறாய்?” என்ற குரல் நம் பந்தலுக்குள்ளேயே கேட்கத் தொடங்கியது. தாம் சொன்னார் என்பதற்காக எதையும் ஏற்கவேண்டா, அறிவுக்குச் சரியென்று பட்டால் மட்டும் ஏற்றுக்கொள்ளுங்கள் என்று மேடைதோறும் சொன்னார் பெரியார். அவர் படத்தின் கீழே அமர்ந்துகொண்டு, வேட்புமனு கொடுக்க நல்ல நேரம் எது என்று கைக்கடிகாரத்தைப் பார்ப்போரும் உண்டு. வெட்கத்தோடுதான் எழுதுகிறோம்.

ஏளனமும் ஓர் அளவுகோலன்று. 1935 சனவரியிலே இலண்டனில், அரசு வானியற் கழகக் கூட்டத்தில், சந்திரசேகரின் கண்டுபிடிப்பைப் பெருமைமிக்க எடிங்டன் எள்ளி நகையாடினார். ஒரு குறிப்பிட்ட நிறைக்கு மேற்பட்ட விண்மீன் வெண்குள்ளனாக அடங்க முடியாது என்ற அந்த முடிவு, அவை நகைத்ததாலே பொய்யாகவில்லை. நகைத்தனர் என்பதற்காக மெய்யாகவுமில்லை. வேறு அறிஞர்கள் வேறு வேறு வழியிலே கணக்கிட்டும் அதே எல்லை வந்தது. 1983-இல், கோசிரேவ் பிப்ரவரியில் மறைந்தார். அக்டோபரில் சந்திரசேகருக்கு நோபல் பரிசு அறிவிக்கப்பட்டது. 1934-இல் ஒரே இதழிலே அடுத்தடுத்து எழுதிய இருவர்!

சிறையிலே கோசிரேவ் கேட்ட கேள்வி இருக்கிறதே, விண்மீன்கள் எதைக்கொண்டு எரிகின்றன என்பது? அவர் அடைபட்டிருந்த அதே ஆண்டுகளில், 1938-1939-இல், அமெரிக்காவிலே ஹான்ஸ் பெத்தே அதற்கு விடை கண்டுவிட்டார். ஹைட்ரஜன் அணுக்கருக்கள் இணைந்து ஹீலியமாகின்றன. நொடிதோறும் சூரியனிலே ஏறத்தாழ 60 கோடி டன் ஹைட்ரஜன் இவ்வாறு மாறுகிறது. அதிலே 40 இலட்சம் டன் நிறை ஆற்றலாக வெளிப்படுகிறது. சூரியனைப் போன்ற விண்மீன்களுக்கு ஒரு வழி, அவற்றினும் பெரியனவற்றுக்குக் கார்பனும் நைட்ரஜனும் துணைநிற்கும் மற்றொரு வழி என்று இரண்டையும் வகுத்துக் காட்டினார் பெத்தே. அந்தக் கட்டுரை சிறைக்கதவின் திறப்பு வழியே வந்து விழவில்லை.

பெத்தே சொன்னது மெய்யென்றால், சூரியனிலிருந்து நியூட்ரினோ என்னும் நுண்துகள்கள் கொட்டவேண்டும். அமெரிக்கச் சுரங்கமொன்றிலே ரேமண்ட் டேவிஸ் எண்ணிப் பார்த்தார். 1968-இல் அவர் வெளியிட்ட கணக்கு, எதிர்பார்த்ததைவிட மிகக் குறைவு. முப்பதாண்டுக் காலம் அறிஞர்கள் கண்ணிலே தூக்கமில்லை. கோசிரேவ் சாகும்வரை அந்த ஐயம் தீரவில்லை. தம் பக்கமே நியாயம் என்று அவர் எண்ணியிருந்தால் அவரைக் குறைகூற முடியாது. 2001, 2002-இல் கனடாவின் சட்பரி சுரங்க ஆய்வகம் புதிரை விடுவித்தது: துகள்கள் குறையவில்லை, வரும் வழியிலே வகைமாறுகின்றன. 2020-இல், இத்தாலியின் கிரான் சாசோ மலைக்கடியிலே, 1,400 மீட்டர் பாறைக்குக் கீழே, போரெக்சினோ என்னும் கருவி, பெத்தே சொன்ன அந்த இரண்டாவது வழியிலே பிறந்த நியூட்ரினோக்களையும் பிடித்துக் காட்டியது. சூரியனின் ஆற்றலிலே நூற்றிலொரு பங்கே அவ்வழியில் வருகிறது, அதையும் எண்ணிவிட்டனர். கோசிரேவின் அறையைப்போலவே வானம் தெரியாத இடம்தான் அதுவும். அங்கிருந்தோர் கையிலே நூல்கள் இருந்தன. பறித்துச்செல்ல எவரும் வரவில்லை.